ஓர் ஆய்வாளர் கேட்ட மன்னிப்பு



ரஷ்ய இராணுவ ஆய்வுக்கும் தமிழ்ப்பள்ளி வகுப்பறைக்கும் என்ன தொடர்பு என்று நீங்கள் வினவலாம். தொடர்பு இருக்கிறது, பொறுமையுடன் படியுங்கள்.

2013 பிப்ரவரியில் ரஷ்யப் படைகளின் தலைமைத் தளபதி வலேரி கெராசிமோவ், இராணுவத் தொழில்துறை சார்ந்த வார இதழ் ஒன்றில் கட்டுரை எழுதினார். போருக்கும் அமைதிக்கும் இடையிலான எல்லைக்கோடு மங்கி வருகிறது. அரசியல், பொருளாதாரம், தகவல் ஆகிய வழிகள் சில வேளைகளில் ஆயுதங்களைவிட வலிமையாகச் செயல்படுகின்றன என்பது அதன் சாரம். 2014இல் ரஷ்யா கிரிமியாவைக் கைப்பற்றிய பின்னர், பிரிட்டன் ஆய்வாளர் மார்க் கலியோட்டி அக்கட்டுரையின் ஆங்கில மொழிபெயர்ப்பை விளக்கவுரையுடன் தம் வலைப்பதிவில் வெளியிட்டார். கவர்ச்சியான தலைப்பு வேண்டி 'கெராசிமோவ் கோட்பாடு' எனப் பெயர் சூட்டினார். இஃது உண்மையில் கோட்பாடன்று என்று உள்ளே குறிப்பிடவும் செய்தார்.

உலகம் தலைப்பைப் பிடித்துக்கொண்டது. உள்ளே இருந்ததை விட்டுவிட்டது. செய்தித்தாள்களும் அரசியல்வாதிகளும் அதனை ரஷ்யாவின் இரகசியப் போர்த்திட்டமாகவே பேசத் தொடங்கினர். 2018 மார்ச்சில் கலியோட்டி ஓர் அமெரிக்க இதழில் வெளிப்படையாக மன்னிப்புக் கேட்டார். மேற்குலகம் அரபு நாடுகளில் கிளர்ச்சிகளைத் தூண்டுவதாகத் தாம் நம்பியதையே கெராசிமோவ் விவரித்தார். ரஷ்யாவின் திட்டத்தை அன்று என்று விளக்கினார். பொய்ப் பரப்புரையும் இணைய ஊடுருவலும் இல்லை என்று அவர் கூறவில்லை. அவற்றுக்கு அப்படியொரு கோட்பாட்டு நூல் இல்லை என்றே கூறினார். 2022 பிப்ரவரி 24 அன்று ரஷ்யா உக்ரைனுக்குள் அனுப்பியவை டாங்கிகளும் ஏவுகணைகளுமே.

இனி வகுப்பறைக்கு வருவோம். நான் பல ஆண்டுகள் 'சுவற்றில்' என்றே வெண்பலகையில் எழுதிக் கற்பித்தவன். ஒருநாள் நான்காம் ஆண்டு மாணவி, "கிணறு என்பதால் கிணற்றில் என்கிறோம். சுவறு என்று ஒரு சொல் இருக்கிறதா ஆசிரியரே?" என்று கேட்டாள். இல்லை, சுவர் என்பதுதான் சொல், ஆகவே 'சுவரில்' என்பதே சரி. அக்கணம் என் மனம் சமாளிக்கவே விரும்பியது. மறுநாள்தான் வகுப்பின் முன் தவற்றை ஒப்புக்கொண்டேன். அந்த ஒரு நாள் தாமதம் இன்றும் என்னை உறுத்துகிறது. அதற்கு முன் என்னிடம் பயின்று சென்ற பிள்ளைகளுக்கு யார் திருத்தம் சொல்வது?

தவற்றை ஒப்புக்கொண்டால் மாணவரிடம் மதிப்புக் குறையும் என்று சில ஆசிரிய நண்பர்கள் கருதுகின்றனர். கேள்வி கேட்க முடியாத இடத்தில் அறிவு என்னவாகும் என்பதற்கும் ரஷ்ய வரலாறே சான்று. அலெக்சாந்தர் ஸ்வேச்சின் 1920களில் 'வியூகம்' பற்றிய புகழ்பெற்ற நூலை வெளியிட்டார். நீண்ட, தேய்மானப் போருக்கும் நாடு ஆயத்தமாக வேண்டும் என்றார். விரைவான தாக்குதலை வலியுறுத்திய துகாசெவ்ஸ்கி, 1931இல் ஸ்வேச்சின் சிறையில் இருந்தபோது அவர்மீது கண்டனக் கணைகளைத் தொடுத்தார். பின்னர் ஸ்டாலினின் களையெடுப்பில் துகாசெவ்ஸ்கி 1937இலும் ஸ்வேச்சின் 1938இலும் சுட்டுக் கொல்லப்பட்டனர். வாதிட்ட இருவருமே இல்லாத நிலையில்தான் 1941இல் ஜெர்மானியப் படையெடுப்பு வந்தது.

பெற்றோர்களே, "ஆசிரியர் சொன்னார், அதனால் சரி" என்று பிள்ளை கூறினால், "எப்படிச் சரி?" என்று அன்போடு கேளுங்கள். ஆசிரியர்களே, அக்கேள்வி நம்மிடம் வந்தால் சினம் கொள்ளாதீர்கள். யார் சொன்னாலும் மெய்யை ஆராய்ந்து அறியச் சொன்ன வள்ளுவரைத்தானே நாம் நாள்தோறும் கற்பிக்கிறோம்? தவறான தலைப்பு உலகைச் சுற்றியது. திருத்தம் வர நான்கு ஆண்டுகள் ஆயின. நம் வகுப்பறையில் திருத்தம் அன்றே வரட்டும்.

சிந்திப்போம்.