இக்கரையில் உரிமை, அக்கரையில் குற்றம்! அமெரிக்காவில் காரும் கைத்துப்பாக்கியும்

அமெரிக்காவில் டெலவேர் என்று ஓர் ஆறு ஓடுகிறது. அதன் மேற்குக் கரையில் பென்சில்வேனியா மாநிலம். கிழக்குக் கரையில் நியூஜெர்சி மாநிலம். பாலத்தைக் காரில் கடக்கச் சில நிமிடங்களே ஆகும். ஆனால் காருக்குள் கைத்துப்பாக்கி இருந்தால், அந்தச் சில நிமிடங்களில் ஒருவருடைய வாழ்க்கையே தலைகீழாகிவிடலாம்!

2013-ம் ஆண்டில் அப்படித்தான் நடந்தது. பென்சில்வேனியாவைச் சேர்ந்த ஒரு பெண், இரண்டு குழந்தைகளுக்குத் தாய், துப்பாக்கியுடன் நியூஜெர்சிக்குப் போனார். அவரிடம் தம்முடைய மாநிலத்தின் லைசென்சு இருந்தது. வழியில் போக்குவரத்துப் போலீசார் காரை நிறுத்தினார்கள். துப்பாக்கி இருப்பதை அவரே சொன்னார். ஆனால் அவருடைய லைசென்சு நியூஜெர்சியில் செல்லாது. உடனே கைது! மூன்றரை ஆண்டு சிறை கிடைக்கும் என்ற நிலை ஏற்பட்டது. ஊரெங்கும் பேச்சு எழுந்தது. கடைசியில், 2015-ல் நியூஜெர்சி கவர்னர் அவருக்கு மன்னிப்பு வழங்கினார்.

ஒரே தேசம்தானே? இங்கே செல்லும் லைசென்சு அங்கே ஏன் செல்லவில்லை?

50 மாநிலம், 50 சட்டம்

அமெரிக்காவில் 50 மாநிலங்கள் இருக்கின்றன. ஒரு மாநிலத்தில் வாங்கிய கார் ஓட்டும் லைசென்சு எல்லா மாநிலங்களிலும் செல்லும். துப்பாக்கி லைசென்சு அப்படி அல்ல. எந்த மாநிலத்து லைசென்சை ஏற்பது என்பதை ஒவ்வொரு மாநிலமும் தானே முடிவு செய்கிறது.

2024-ம் ஆண்டுக் கணக்குப்படி, 29 மாநிலங்களில் துப்பாக்கியை உடன் எடுத்துச் செல்ல லைசென்சே தேவை இல்லை. குற்றத் தண்டனை போன்ற தடை இல்லாத வயது வந்தவராக இருந்தால் போதும். மற்ற மாநிலங்களிலோ லைசென்சு வேண்டும். சிலவற்றில் விதிகள் மிகக் கடுமை.

2022-ம் ஆண்டில் சுப்ரீம் கோர்ட்டு ஒரு முக்கியமான தீர்ப்புக் கூறியது. தற்காப்புக்காக வீட்டுக்கு வெளியே துப்பாக்கி எடுத்துச் செல்வது மக்களுடைய உரிமை என்பதே தீர்ப்பு. ஆனால் ஒரு மாநிலத்தின் லைசென்சு எல்லா மாநிலங்களிலும் செல்லும் என்று அந்தத் தீர்ப்பு கூறவில்லை.

1986-ல் வந்த சட்டம்

அப்படியானால் நீண்ட தூரம் காரில் போகிறவர் என்ன செய்வது? அவருக்காக ஒரு மத்திய சட்டம் இருக்கிறது. 1986-ல் ஜனாதிபதி ரீகன் அதில் கையெழுத்திட்டார். அதன் நிபந்தனைகள் இவை:

1. புறப்படும் இடம், போய்ச் சேரும் இடம் இரண்டிலும் அவர் துப்பாக்கி வைத்திருக்கவும் எடுத்துச் செல்லவும் சட்டம் அனுமதிக்க வேண்டும்.

2. துப்பாக்கியில் தோட்டா இருக்கக் கூடாது.

3. துப்பாக்கியும் தோட்டாவும் காரில் இருப்பவர்களுக்குக் கை எட்டும் இடத்தில் இருக்கக் கூடாது. பின்புற டிக்கியில் வைப்பது நல்லது.

4. டிக்கி தனியாக இல்லாத வண்டி என்றால், பூட்டிய பெட்டிக்குள் வைக்க வேண்டும். முன் சீட்டுக்கு எதிரே உள்ள சிறிய அறையைப் பூட்டினால் போதாது.

டெலவேர் ஆற்றைக் கடந்த பெண்ணை இந்தச் சட்டம் காப்பாற்றவில்லை. ஏனென்றால், அவர் போய்ச் சேர வேண்டிய இடமே நியூஜெர்சிதான்!

ஓர் இரவு தங்கியதால் வந்த வினை

வழியில் தங்கினால் என்ன ஆகும்? யூட்டா மாநிலத்துக்காரர் ஒருவருக்கு 2005-ல் நேர்ந்தது இது. விமானத்தில் பென்சில்வேனியாவுக்குப் புறப்பட்டார். பூட்டிய பெட்டியில் துப்பாக்கி இருந்தது. நியூஜெர்சியில் அடுத்த விமானம் தவறிவிட்டது. பெட்டியை வாங்கிக்கொண்டு ஓட்டலில் இரவு தங்கினார். காலையில் விமான நிலையத்தில் துப்பாக்கி இருப்பதைச் சொன்னார். கைது செய்துவிட்டார்கள்!

பிறகு வழக்கைக் கைவிட்டார்கள். தம்மைக் கைது செய்தது தவறு என்று அவர் கோர்ட்டுக்குப் போனார். 2010-ல் அப்பீல் கோர்ட்டு அவருக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. ஓட்டலில் பெட்டி அவர் கைக்கு எட்டும்படி இருந்ததால், 1986 சட்டத்தின் பாதுகாப்பு அவருக்குக் கிடையாது என்று கூறிவிட்டது.

உயிர் போன சம்பவம்

போலீசார் காரை நிறுத்தினால், துப்பாக்கி இருப்பதை உடனே சொல்ல வேண்டும் என்பது சில மாநிலங்களில் சட்டம். மற்றவற்றில், கேட்டால் மட்டும் சொன்னால் போதும்.

2016-ல் மின்னசோட்டா மாநிலத்தில் ஒருவரைப் போலீசார் நிறுத்தினார்கள். துப்பாக்கி லைசென்சு பெற்றவர் அவர். தம்மிடம் துப்பாக்கி இருப்பதாகத் தாமே சொன்னார். சில விநாடிகளில் போலீஸ்காரர் அவரைச் சுட்டுவிட்டார்! அவர் துப்பாக்கியை எடுப்பதாக எண்ணிப் பயந்தேன் என்பது போலீஸ்காரரின் வாதம். காரில் ஒரு பெண்ணும் அவருடைய நான்கு வயதுக் குழந்தையும் இருந்தார்கள். சுடப்பட்டவர் இறந்துபோனார். போலீஸ்காரரை 2017-ல் ஜூரிகள் விடுதலை செய்தார்கள். நாடு முழுவதும் கண்டனக் கூட்டங்கள் நடந்தன.

திருடனுக்கு வசதி

இன்னொரு தொல்லையும் உண்டு. காரை நிறுத்திவிட்டுக் கடைக்குப் போகிறார்கள். துப்பாக்கி காரிலேயே இருக்கிறது. திருடன் கண்ணாடியை உடைக்கிறான். அமெரிக்காவில் திருடு போகும் துப்பாக்கிகளில் பெரும் பகுதி இப்படிக் கார்களிலிருந்து போவதுதான். அவை பிறகு கொலைக்கும் கொள்ளைக்கும் பயன்படுகின்றன. இதைத் தடுக்கக் கொலராடோ மாநிலம் 2025 ஜனவரி 1 முதல் ஒரு சட்டத்தை அமல் செய்தது. ஆள் இல்லாத காரில் கைத்துப்பாக்கியை வைத்தால், வெளியே தெரியாதபடி, கெட்டியான பெட்டிக்குள் பூட்டி வைக்க வேண்டும். காரையும் பூட்ட வேண்டும்.

தீர்வு எப்போது?

ஒரு மாநில லைசென்சு எல்லா மாநிலங்களிலும் செல்ல வேண்டும் என்பது துப்பாக்கி வைத்திருப்போரின் கோரிக்கை. அப்படி ஒரு மசோதா 2017-ல் பிரதிநிதிகள் சபையில் நிறைவேறியது. செனட் சபையில் நிறைவேறவில்லை. பயிற்சியும் சோதனையும் இல்லாமல் துப்பாக்கி தூக்குகிறவர்களை எங்கள் ஊருக்குள் ஏன் விடவேண்டும் என்று கண்டிப்பான மாநிலங்கள் கேட்கின்றன. இரண்டு பக்கத்திலும் நியாயம் இருப்பதாகத்தான் தோன்றும். ஆனால் சண்டை தீரும் வரை கஷ்டப்படுகிறவர், சட்டம் தெரியாமல் பாலத்தைக் கடக்கும் சாதாரணக் குடிமகன்தான்.