பத்திரம் எழுதினால் பத்திரமா?

திருவனந்தபுரம் வஞ்சியூர் கோர்ட்டிலிருந்து 1990 ஆகஸ்டில் ஓர் உள்ளாடை வெளியே போனது; டிசம்பரில் திரும்பி வந்தது. இடைப்பட்ட மாதங்களில் அதற்கு என்ன நேர்ந்தது என்ற கேள்வி 30 வருடங்களுக்கு மேல் கோர்ட்டுகளில் அலைந்தது.

1990 ஏப்ரலில் திருவனந்தபுரம் விமான நிலையத்தில் ஆஸ்திரேலியர் ஒருவர் 61.5 கிராம் ஹஷீஷுடன் பிடிபட்டார். சரக்கு உள்ளாடையில் ஒளித்து வைக்கப்பட்டிருந்தது என்றது போலீஸ். செஷன்ஸ் கோர்ட் 10 வருடச் சிறைத் தண்டனை விதித்தது. ஆனால் 1991இல் கேரள ஹைகோர்ட் அவரை விடுவித்தது. சான்றாகக் காட்டப்பட்ட உள்ளாடை அவர் போடவே முடியாத அளவுக்குச் சிறியது என்பதே முக்கியக் காரணம்.

சந்தேகம் பிறகுதான் கிளம்பியது. கைதானவரின் சொந்த உடைமைகளைக் கேட்டு மனுப் போட்டு வாங்கியபோது, வழக்கின் உயிர்நாடியான 'தொண்டி'யும் கோர்ட்டை விட்டு வெளியே போயிருந்தது. அதை வெட்டித் தைத்துச் சிறிதாக்கிவிட்டார்கள் என்று 1994இல் வழக்குப் பதிவானது. குற்றம் சாட்டப்பட்டவர்கள் ஒரு கோர்ட் ஊழியரும், அன்று இளம் வக்கீலாக இருந்து 2021இல் கேரளப் போக்குவரத்து அமைச்சரான ஆண்டனி ராஜுவும். ராஜு குற்றச்சாட்டை மறுத்தார். குற்றப்பத்திரிகை தாக்கலானது 2006இல். நடைமுறைக் கோளாறைக் காட்டி ஹைகோர்ட் 2023இல் வழக்கை ரத்து செய்தது. 2024 நவம்பரில் சுப்ரீம் கோர்ட் அதற்கு மறுபடி உயிர் கொடுத்து, ஒரு வருடத்துக்குள் விசாரணையை முடிக்கச் சொன்னது.

இதைப் படிப்பவர்கள், பறிமுதல் செய்த எதையுமே தீர்ப்பு வரும்வரை தரக் கூடாது என்று முடிவுக்கு வரலாம். அது அவசர முடிவு. போலீஸ் ஸ்டேஷன் வாசலில் வெயிலிலும் மழையிலும் துருப்பிடிக்கும் லாரியும் ஆட்டோவும் யாரோ ஒருவரின் பிழைப்பு. திருட்டுப் போன நகை மீட்கப்பட்ட பிறகும், பறிகொடுத்தவர் அதற்காக வருடக்கணக்கில் காத்திருப்பது இரண்டாவது தண்டனை. இதைத்தான் 2002இல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னது. நகை, பணம், வாகனம் போன்றவற்றை ஸ்டேஷனில் நீண்ட நாள் முடக்காதீர்கள்; விவரமான பட்டியல் எழுதி, போட்டோ எடுத்து, பிணைப் பத்திரமும் தக்க ஜாமீனும் வாங்கிக்கொண்டு உரியவரிடம் கொடுங்கள் என்றது.

கோர்ட்டுகள் போடும் நிபந்தனைகள் பெரும்பாலும் இவைதான்: விற்கக் கூடாது, உருமாற்றக் கூடாது, கேட்கும்போது கொண்டுவந்து காட்ட வேண்டும், தவறினால் பத்திரத் தொகையைக் கட்ட வேண்டும். 2024 ஜூலையில் அமலுக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 497ஆவது பிரிவு காலக்கெடுவும் வைத்திருக்கிறது. பொருள் கோர்ட்டுக்கு வந்த 14 நாளில் விவரக் குறிப்பு தயாராக வேண்டும். போட்டோவோ வீடியோவோ எடுக்க வேண்டும். அதன்பின் 30 நாளுக்குள் அதை என்ன செய்வது என்று உத்தரவு பிறக்க வேண்டும். அந்தப் படம் விசாரணையில் சாட்சியமாகவும் செல்லும்.

லாரிக்கும் நகைக்கும் இது போதும். எஞ்சின் நம்பரும் எடையும் பதிவாகிவிட்டால் லாரி ஓடலாம், நகை கழுத்தில் ஏறலாம். ஆனால் ரத்தக் கறை படிந்த சட்டை, அரிவாள், சரக்கு ஒளித்த உள்ளாடை ஆகியவை வேறு ரகம். இவற்றின் அளவும் தையலும் கறையுமே சாட்சி. இவற்றுக்கு எத்தனை லட்சம் ஜாமீன் வாங்கினாலும், மாறிப்போன ஓர் அங்குலத்தை அந்தப் பணம் மீட்டுத் தராது.

ஆகவே மனு வரும்போது மாஜிஸ்திரேட் முதலில் கேட்க வேண்டியது, பத்திரத் தொகை எவ்வளவு என்பதல்ல. இந்தப் பொருள் எதை நிரூபிக்க வைக்கப்பட்டிருக்கிறது என்பது. எந்தெந்தப் பொருளைக் கொடுக்கலாம் என்று உத்தரவில் ஒவ்வொன்றாக எழுத வேண்டும். ‘உடைமைகள்’ என்று மொத்தமாக எழுதினால் அதற்குள் எதுவும் நுழையும். கொடுக்கும் ஊழியர் அந்தப் பட்டியலைப் பதிவேட்டோடு ஒப்பிட்டுக் கையெழுத்து வாங்க வேண்டும்.

1990இல் பக்கத்தில் ஒரு டேப்பை வைத்து அந்த உள்ளாடையைப் படம் பிடித்திருந்தால், அது எந்த அளவில் போய் எந்த அளவில் திரும்பியது என்பதை அப்போதே பார்த்திருக்கலாம்.