பாட்டனுக்கு ஒரு நிரல்

கலஹாத் தோட்டப்புறத்து மாணவி ஒருத்தி, அடையாள அட்டைக்காக எடுத்த பிறப்புச் சான்றிதழின் அத்தாட்சிப்படுத்திய பிரதியை எம்மிடம் நீட்டினாள். "தாத்தா எங்க பொறந்தாருன்னு எதுக்கு சேர் கேக்குறாங்க?"

நெடுங்காலம் வழங்கிவந்த அப்படிவத்தில் பாட்டனுக்கு ஒரு நிரல் உண்டு, பூட்டனுக்கு இன்னொன்று. பிறந்தது குழந்தை, விசாரணையோ பாட்டனுக்கு!

1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம், இம்மண்ணிற் பிறந்தவனைக்கூட, உன் தந்தை இங்கு பிறந்தானா, இல்லையேல் பாட்டனும் பூட்டனும் இங்கு பிறந்தனரா என்று கேட்டது. பிறப்புப் பதிவு கட்டாயமானதோ 1897இல்! 1948இல் நாற்பது வயதான தொழிலாளியின் தந்தை அதற்கு முன்னரே பிறந்திருப்பான். லூல்கந்துரையில் 1867இல் தேயிலை நட்டவர்களின் பிள்ளைகளுக்கு எந்தத் துரை பத்திரம் எழுதிவைத்தான்? தான் கொடாத பத்திரத்தைக் கேட்ட அரசு, பல இலட்சம் பேரை நாடற்றவராக்கிற்று. 1964இல் இரு அரசுகள் அம்மக்களைக் கேளாமலே 525,000 பேரை இந்தியாவுக்கும் 300,000 பேரை இலங்கைக்குமாகப் பங்கிட்டன. எஞ்சியிருந்தோருக்குப் பிரஜாவுரிமை வழங்க 2003இலும் ஒரு சட்டம் தேவைப்பட்டது.

"அது வெறும் புள்ளிவிபரம்" என்கிறார் எம் நண்பர் ஒருவர். அவருடைய பாட்டனை எவரும் சந்தேகித்ததில்லை, சொல்லலாம்! பெயரும் நாளும் இடமும் பெற்றோரும் போதாவா? பழைய பதிவுகளுக்குப் பிரதி வழங்கும்போதேனும் அந்நிரல்களை விட்டுவிடுக என்று கேட்கிறோம்.

அம்மாணவியின் பிரதியில் பாட்டனுக்குரிய இடத்தில் ஒரு கோடுதான் இழுத்திருக்கிறது. அவர் பிறந்தது அதே தோட்டத்து லயத்தில்.