படம் எந்தச் சுவரில்?

தில்லி முதலமைச்சர் அறையில் அம்பேத்கர் படமும் பகத்சிங் படமும் எந்தச் சுவரில் தொங்க வேண்டும் என்று 2025 பிப்ரவரியில் ஒரு தொலைக்காட்சியில் ஒரு மணி நேரம் வாதாடினார்கள். முழுவதும் பார்த்தேன்.

அரசு அலுவலகங்களில் இவ்விருவர் படம் மட்டுமே இருக்கும் என்று 2022 ஜனவரியில் அறிவித்தவர் கெஜ்ரிவால். ஆட்சி மாறியதும் படங்களை அகற்றிவிட்டார்கள் என்றது ஆம் ஆத்மி. அறையில்தான் இருக்கின்றன என்று படமெடுத்துக் காட்டியது பா.ஜ.க. சட்டமன்றத்தில் கூச்சல்; எதிர்க்கட்சி உறுப்பினர்கள் 21 பேர் இடைநீக்கம்.

படம்தானே, விடுங்கள் என்று சொல்பவன் நானல்ல. மனுவோடு அதிகாரி அறைக்குள் நுழையும் கடைநிலைத் தொழிலாளி, அங்கே அம்பேத்கர் படத்தைக் கண்டதும் கொஞ்சம் நிமிர்வதை நானே பார்த்திருக்கிறேன். என் கேள்வி வேறு. அந்த ஒரு மணி நேரத்தில், இவ்விருவரும் என்ன எழுதினார்கள் என்று ஒருவராவது வாய் திறந்தாரா? "பாபாசாகேப் எங்கள் தெய்வம்" என்றார் ஒருவர். "எங்களுக்கும்தான்" என்றார் எதிரே இருந்தவர். அதில் மட்டும் ஒற்றுமை! தெய்வமாக்கிவிட்டால் படிக்கும் வேலை மிச்சம்.

தூக்குக் கயிற்றை எதிர்நோக்கி லாகூர் சிறையில் இருந்த பகத்சிங், 1930-ல் 'நான் ஏன் நாத்திகன்?' எழுதினார். 1936-ல் அதே லாகூரில் நடக்கவிருந்த சாதி ஒழிப்பு மாநாட்டுக்கு அம்பேத்கர் தலைமையுரை தயாரித்தார். அழைத்தவர்களே அதைப் பார்த்துப் பயந்து மாநாட்டைக் கைவிட்டார்கள். அவர் சொந்தச் செலவில் அச்சிட்டார். இரண்டையும் அந்தப் பத்தாண்டுக்குள்ளேயே தமிழில் தந்தது பெரியாரின் சுயமரியாதை இயக்கம். பகத்சிங்கை மொழிபெயர்த்த ஜீவாவும் வெளியிட்ட ஈ.வெ.கிருஷ்ணசாமியும் கைது செய்யப்பட்டார்கள். சுவரில் படம் மாட்டியதற்காக அல்ல, எழுதியதை மக்களிடம் கொண்டுபோனதற்காக.

(பகத்சிங்கின் மஞ்சள் தலைப்பாகைகூட ஓவியர் கற்பனைதான். 1929-ல் தில்லி காஷ்மீரி கேட்டில் எடுத்த புகைப்படத்தில் அவர் தொப்பி அணிந்திருக்கிறார். முகத்தையே தங்கள் வசதிக்கு வரைந்துகொண்டவர்களுக்கு எழுத்து எதற்கு?)

ஊரைச் சொல்லிவிட்டு நம்மைச் சொல்லாமல் விடலாமா? நம் சங்க அறையிலும் இவ்விரு படங்கள் உண்டு. ஆண்டுக்கொரு நாள் மாலை. நூல்கள் பீரோவுக்குள். பீரோ சாவி என்னிடம். வரும் ஞாயிறு கூட்டத்தில் கணக்கு வாசிப்பதற்கு முன் அம்பேத்கரின் அந்த உரையிலிருந்து பத்துப் பக்கம் வாசிப்பதாக இருக்கிறோம். மாலை ஐந்து மணி. வீட்டுப் பெண்களையும் பிள்ளைகளையும் அழைத்து வாருங்கள். தமிழ் வாசிக்கத் திணறும் பிள்ளைகள் இருந்தால் முன்வரிசையில் உட்காரட்டும், மெதுவாகவே வாசிப்போம்.