நாய்க்கு திமிரு இல்லைங்க, வலி

"நல்லா இருந்த நாய் திடீர்னு கடிச்சுப்புடுச்சு டாக்டர்"னு வர்றவங்கள்ல பாதிப்பேர் அதை அடிச்சிட்டுதான் வர்றாங்க. காதுல சீழா, பல்லு வலியா, இடுப்பு வலியான்னு யாரும் பாக்குறதில்ல. 'அடிச்சு வளர்த்தாதான் அடங்கும்'னு வீடியோ போடுறவங்களுக்கு ஒண்ணு சொல்றேன்: உறுமல்ங்கிறது எச்சரிக்கை. அதை அடிச்சு நிறுத்தினா அடுத்த தடவை உறுமாமலே கடிக்கும். தையல் போடுறது நாங்கதான்.

ஆண் பூனை கண்ட இடத்துல முக்கிக்கிட்டு உக்காந்தா சேட்டைன்னு விரட்டுறீங்க. மூத்திரம் அடைச்சிருந்தா ஓரிரு நாள்ல செத்தே போயிரும்.

நம்ம வீரபாண்டி பக்கத்துலயே கால்நடை மருத்துவக் கல்லூரி வந்தாச்சு. இன்னும் ஊசிக்கு மட்டும்தான் கால்நடை டாக்டரா? குணம் மாறினாலும் காட்டுங்க. டாக்டர்களும் காய்ச்சலோட சேர்த்து குணத்தையும் கேக்கணும்.

திடீர் மூர்க்கம் ரேபிஸாவும் இருக்கலாம். கடிபட்டா சோப்பு போட்டு ஓடுற தண்ணியில 15 நிமிஷம் கழுவிட்டு உடனே அரசு ஆஸ்பத்திரிக்கு வாங்க. தோல்ல போடுற ஊசி 0, 3, 7, 28ஆம் நாள். மூணாவதோட நின்னுறாதீங்க.