பாட்டுக்கும் ஓர் உடல் இருந்தது



1990களில் யாழ்ப்பாணத்தில் மின்சாரம் இல்லை, பற்றரிக்கும் தட்டுப்பாடு. அப்போது எப்படிப் பாட்டுக் கேட்டார்கள் என்று உங்கள் அப்பா அம்மாவிடம் கேட்டதுண்டா? சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, டைனமோவிலிருந்து ரேப் றெக்கோடருக்கு வயர் கொடுத்து, ஒருவர் பெடலைக் கையால் சுற்றுவார். கை தளர்ந்தால் பாடுகிறவரின் குரலும் இழுபட்டுத் தடித்துப்போகும். உடனே அடுத்தவர் சுற்றுவார்.

இன்று பலெர்மோவில் பஸ்ஸுக்குக் காத்திருக்கும்போதே ஃபோனில் ஆயிரம் பாட்டுகள். அவற்றுக்குப் பாரமும் இல்லை, கீறலும் இல்லை. பாட்டு ஒரு பொருளில் குடியிருந்தது என்பதையே மறந்துவிட்டோம்.

அதைச் சில கலைஞர்கள் விளையாட்டாகக் காட்டினார்கள். கொரியாவில் பிறந்த நாம் ஜூன் பைக், 1963இல் ஜெர்மனியின் வூப்பர்டால் நகரில் ஒலிநாடாத் துண்டுகளைச் சுவரில் ஒட்டிவைத்தார். பார்க்க வந்தவர்கள் ரேப் றெக்கோடரின் ஹெட்டைக் கையில் பிடித்து நாடாவின்மேல் இழுத்தார்கள். வேகமாக இழுத்தால் கீச்சென்றது, மெதுவாக இழுத்தால் உறுமியது. 1985இல் கிறிஸ்டியன் மார்க்லே உறையே இல்லாத இசைத்தட்டு ஒன்றை வெளியிட்டார். அதில் விழும் ஒவ்வொரு கீறலும் இசையில் சேர்ந்துகொண்டது. அதனால் ஒரு வீட்டுத் தட்டைப்போல மற்ற வீட்டுத் தட்டு ஒலிக்காது.

நம் வீடுகளிலும் அப்படிப்பட்ட பொருள்கள் உண்டு. ஊரிலிருந்து கடிதத்துக்குப் பதிலாக வந்த கசெற்றுகள்தான் அவை. கடந்த நத்தாருக்கு அப்படியொன்றைப் போட்டுப் பார்த்தோம். நாடா சிக்கிவிட்டது. பென்சிலை விட்டு மெதுவாகச் சுற்றி எடுத்தோம். பிறகு அம்மம்மா ஜெபிக்கிற குரல் வந்தது, பின்னால் சேவல் கூவியது. நாடா மடிந்த இடத்தில், பேரப்பிள்ளைகளின் பெயர்களைச் சொல்லும்போது, ஒரு பெயர் மட்டும் கேட்கவில்லை. அது இனி வராது.

கசெற் நாடா நொடிக்கு 4.76 சென்ரிமீற்றர் ஓடும். மூன்று நிமிடக் கீர்த்தனைக்கு ஏறக்குறைய எட்டரை மீற்றர் நாடா வேண்டும். அத்தனை நீளத்தில் ஒரு மடிப்பு போதும், ஒரு பெயர் போய்விடுகிறது.

இந்த வாரம் அலுமாரியைத் திறந்து தேடுங்கள். பழைய கசெற்றை உடனே போடவேண்டாம். முதலில் பென்சிலால் சுற்றி, நாடா தளராமல் இருக்கிறதா என்று பாருங்கள். நல்ல ரேப் றெக்கோடரில் ஒருமுறை ஓடவிட்டு, அப்போதே ஃபோனில் பதிவு செய்யுங்கள். பதிந்த பின்பும் கசெற்றை எறிந்துவிடாதீர்கள். அதை அனுப்பியவரின் கை பட்ட பொருள் அது.