மச்சாளின் குசினியும் அக்காவின் குசினியும்

இம்முறையும் நயினை அம்மன் திருவிழாவுக்கு வெளிநாட்டுக்காரர் நிறைய வந்திருந்தார்கள். குறிகட்டுவான் துறையில் வள்ளத்துக்குக் காத்து நிற்கும்போதே, யார் பாரிஸ், யார் ரொறன்ரோ, யார் சுவிஸ் என்று கதையிலேயே பிடித்துவிடலாம். எங்கள் ஒழுங்கையின் கடைசி வீட்டு அக்காவுடைய தமையனின் மனைவி மொன்றியலில் இருந்து வந்திருந்தார். அக்காவுக்கு அவர் மச்சாள். ஒழுங்கைக்காரர் எல்லோருக்கும் அவர் 'மொன்றியல் மச்சாள்'.

திருவிழா முடிந்த மறுநாள் பின்னேரம் விறாந்தையில் இருந்து கதைத்துக்கொண்டிருந்தோம். "உங்களுக்குப் பிரெஞ்சு எப்படிப் பிடிபட்டது?" என்று கேட்டேன். நான் எதிர்பார்த்தது பாடசாலை, வகுப்பு, ஆசிரியை என்று ஏதாவது. மச்சாள் சிரித்துவிட்டு, "ரீவியிலைதான் பிள்ளை. அதுவும் வீடு திருத்திற ரீவியிலை" என்றார்.

கனடா என்றால் ஆங்கிலம் என்றுதான் நம்மில் பலர் நினைக்கிறோம். மொன்றியல் இருப்பது கியூபெக் மாகாணத்தில். அங்கே ஆட்சிமொழி பிரெஞ்சு. 1977இல் கொண்டுவரப்பட்ட மொழிச் சட்டத்தின்படி, குடியேறி வந்தவர்களின் பிள்ளைகள் பெரும்பாலும் பிரெஞ்சுப் பாடசாலைக்கே போகவேண்டும். அதனால் பிள்ளைகள் இரண்டு வருடத்தில் பிரெஞ்சில் கதைக்கத் தொடங்கிவிடுவார்கள். தகப்பன் வேலைத்தலத்தில் நாலு சொல்லாவது பொறுக்கிக்கொள்வார். வீட்டோடு இருக்கிற தாய்தான் பின்தங்கிப் போகிறவள். மச்சாளுக்கும் அதுதான் நடந்தது. பிள்ளைகள் தங்களுக்குள் கதைப்பது விளங்காமல் குசினியில் நின்று அழுத நாட்கள் உண்டாம்.

அந்த நாட்களில் அவருக்குத் துணையாக இருந்தவை வீடு, சமையல், வாழ்க்கைமுறை என்பவற்றை மட்டுமே காட்டும் பிரெஞ்சு அலைவரிசைகள். கனடாவில் இப்படி ஒரே துறைக்கென்று நடக்கும் தொலைக்காட்சிகள் பல உண்டு. செய்திக்கு ஒன்று, விளையாட்டுக்கு ஒன்று, சிறுவருக்கு ஒன்று. பெண்களையும் குடும்பத்தையும் மனதில் வைத்து 'கனால் வீ' என்ற அலைவரிசை 1997இல் தொடங்கியது. 'வீ' என்றால் பிரெஞ்சில் வாழ்க்கை. 2008இல் வீட்டு அலங்காரத்துக்கும் திருத்த வேலைகளுக்கும் என்றே இன்னொன்று வந்தது. 'என் வீட்டுக்கான யோசனைகள்' என்று பொருள்படும் ஒரு சஞ்சிகையின் பெயரோடு வந்து, பின்னர் 'காசா' என்று பெயர் மாறியது. ஒரு சஞ்சிகை தொலைக்காட்சியாக வளர்ந்தது என்று கேட்டபோது, மாதாமாதம் தாளில் எழுதிக்கொண்டிருக்கும் எனக்குக் கொஞ்சம் பொறாமையாகத்தான் இருந்தது.

"செய்தி விளங்காது. நாடகம் விளங்காது. ஆனால் இதிலை ஒரு ஆள் சுவரைத் தொட்டுக்கொண்டு சுவர் எண்டு சொல்லுவான். கதவைத் திறந்துகொண்டு கதவு எண்டு சொல்லுவான். சின்னப்பிள்ளைக்குச் சொல்லிக் குடுக்கிற மாதிரி" என்றார் மச்சாள். கையும் வாயும் ஒன்றாக வேலை செய்தால் மொழி ஒட்டிக்கொள்ளும். எந்தத் தாய்க்கும் தெரிந்த முறைதான் அது.

இன்னொரு சங்கதியும் சொன்னார். பாதிச் சொற்கள் ஏற்கெனவே தெரிந்தவை போல இருந்தனவாம். பிரெஞ்சில் சமையலறை 'குயிசின்', நாங்கள் சொல்வது குசினி. அவர்களுக்கு 'ஆர்முவார்', எங்களுக்கு அலுமாரி. அவர்களுக்கு 'பாங்', எங்களுக்கு வாங்கு. விறாந்தையை அவர்களும் 'வெராந்தா' என்கிறார்கள். இது தற்செயல் அல்ல. 1619 முதல் 1658 வரை யாழ்ப்பாணத்தை ஆண்ட போர்த்துக்கேயர் விட்டுப்போன சொற்கள் இவை. போர்த்துக்கேய மொழியும் பிரெஞ்சும் ஒரே லத்தீன் தாயின் பிள்ளைகள். நாற்பது வருடம்கூட முழுதாக ஆளாதவர்கள் எங்கள் கோட்டையையும் கோயில்களையும் பிடித்தது சரித்திரத்தில் இருக்கிறது. எங்கள் குசினிக்குள்ளும் வந்து அலுமாரிக்கும் கதிரைக்கும் பேர் வைத்துவிட்டுப் போனதை நாங்கள் நினைப்பதே இல்லை. மொன்றியலில் ஒரு தீவுப் பெண்ணுக்கு அது முந்நூற்றைம்பது வருடத்துக்குப் பிறகு உதவியிருக்கிறது.

இதுவரை நல்ல கதை. இனி அக்காவின் கதைக்கு வருகிறேன். அந்த விறாந்தையில் எங்களோடு இருந்தும் அவர் வாய் திறக்காமல் இருந்தார்.

மச்சாள் பார்த்த நிகழ்ச்சிகளை அவருடைய கணவரும் பார்த்தார். தங்கச்சிக்கு ஊரில் ஒரு வீடு கட்டிக் கொடுக்கவேண்டும் என்பது அவருடைய பல வருட ஆசை. 2019இல் பணம் அனுப்பினார். பணத்தோடு படங்களும் கைத்தொலைபேசியில் வந்தன. சுவரே இல்லாத குசினி. வந்து இருக்கிற ஹோலும், சாப்பிடும் மேசையும், அடுப்பும் ஒரே பரப்பில். நடுவில் ஒரு நீண்ட கல் மேசை. பெரிய கண்ணாடி யன்னல், திறக்கமுடியாதது. மேசன் படத்தைப் பார்த்துப் பார்த்துக் கட்டினார். சீமெந்துப் பை ஒவ்வொன்றும், மாபிள் கல் ஒவ்வொன்றும் குறிகட்டுவானில் இறக்கி, வள்ளத்தில் ஏற்றி, இங்கே திரும்ப இறக்கித்தான் வந்தது. பாலம் இல்லாத தீவில் வீடு கட்டுகிறவருக்குக் கூலி இரண்டு தரம் என்பதைப் படம் அனுப்புகிறவர்கள் அறிவதில்லை.

வீடு அழகான வீடு. அதை மறுக்கமாட்டேன். குடிபூரலுக்குப் போன நாங்கள் எல்லோரும் வாயைப் பிளந்துகொண்டு நின்றோம். இந்தப் பத்தியை எழுதுகிறவளும் அந்தக் கல் மேசையைத் தடவிப் பார்த்தவள்தான்.

2022இல் நாடு முழுவதும் எரிவாயு இல்லாமல் போனது எல்லோருக்கும் நினைவிருக்கும். கொழும்பிலேயே சிலிண்டருக்கு விடிய விடிய வரிசை. கடல் தாண்டி வரவேண்டிய எங்களுக்குச் சொல்லவும் வேண்டுமா? விறகுக்குத் திரும்பினோம். பழைய வீட்டுக்காரருக்கு அடுப்படி இருந்தது, புகைக்கூடு இருந்தது. அக்காவுக்கு இருந்தது சுவர் இல்லாத, புகை போக வழி இல்லாத ஹோல். இரண்டு நாள் உள்ளே எரித்தார். வெள்ளைச் சீலிங் கறுத்தது, மாமியாருக்கு இழுப்பு வந்தது. மூன்றாம் நாள் பின்வளவில் நாலு தடி நட்டு, கிடுகு போட்டு, மூன்று கல் வைத்துச் சமைத்தார். அந்தக் கொட்டில் இன்றும் இருக்கிறது. அக்கா இன்றும் அதிலேதான் சமைக்கிறார். கல் மேசையில் பிள்ளைகள் பாடம் படிக்கிறார்கள்.

விறகுப் புகை சின்ன விடயம் அல்ல. வீட்டுக்குள் எரிக்கும் அடுப்புப் புகையால் உலகில் 2020ஆம் ஆண்டில் மட்டும் ஏறக்குறைய 32 இலட்சம் பேர் உயிரிழந்ததாக உலக சுகாதார நிறுவனம் கணித்திருக்கிறது. கூடிய நேரம் அடுப்போடு நிற்கிறவர்கள் பெண்கள். அவர்களின் சேலையைப் பிடித்துக்கொண்டு நிற்பவை குழந்தைகள். நம் பாட்டிமார் குசினியை வீட்டை விட்டுத் தள்ளித் தனியாகக் கட்டியதைப் பழைய நாகரிகம் என்று சிரித்தோம். புகையும் நெருப்பும் படுக்கிற அறைக்கு வரக்கூடாது என்பதுதான் அவர்கள் போட்ட கணக்கு.

அப்படியானால் அந்தத் தொலைக்காட்சிகள் பொய் சொல்கின்றனவா? இல்லை. அவை தங்கள் ஊருக்குச் சரியானதைச் சொல்கின்றன. மொன்றியலில் தை மாதத்து இரவுகளில் குளிர் பூச்சியத்துக்குக் கீழே 20 பாகைக்கும் போகும். அங்கே வீடு என்பது சூட்டை உள்ளே பூட்டி வைக்கிற பெட்டி. யன்னல் இரட்டைக் கண்ணாடி, கதவு இறுக்கம், ஒரே பரப்பாக இருந்தால் சூடு எல்லா இடமும் பரவும். அடுப்புக்கு மேலே புகையை உறிஞ்சும் இயந்திரம். இங்கே வீடு என்பது வெக்கையை வெளியே விடுகிற இடம். எங்களுக்கு எதிர் எதிராக இரண்டு யன்னல் வேண்டும், முற்றம் வேண்டும், வெயிலைத் தடுக்கும் விறாந்தை வேண்டும். உப்புக் காற்றுக்குக் கம்பி கறள் பிடிக்கும் என்பதையும் அவன் எதற்குச் சொல்லப்போகிறான்?

இன்னொன்றையும் கவனிக்கவேண்டும். இந்த அலைவரிசைகள் சந்தாப் பணத்திலும் விளம்பரத்திலும் ஓடுபவை. பெயின்ற், மாபிள், தளபாடம் விற்கிறவர்தான் விளம்பரகாரர். இருக்கிற குசினி போதும் என்று ஒரு நாளும் அவை சொல்லப்போவதில்லை. ஆறு கிழமை வேலையை ஒரு மணித்தியாலத்தில் காட்டுவார்கள். கடைசியில் வீட்டுக்காரி கண் கலங்கி நிற்பாள். ஒரு வருடம் கழித்து அவள் அங்கே எப்படிச் சமைக்கிறாள் என்று காட்ட யாரும் திரும்பிப் போவதில்லை.

நான் அக்காவிடம் கேட்டேன்: "கட்டேக்கையே சொல்லியிருக்கலாமே அக்கா?"

"காசு அனுப்பிற ஆளிட்டை எப்பிடியடி வேண்டாமெண்டு சொல்லிறது?" என்றார். மச்சாளின் முகம் வாடிப்போனது. "நீங்கள் ஒரு சொல் சொல்லியிருந்தால் இவர் மாத்தியிருப்பாரே" என்றார். இரண்டு பேரும் சொன்னது உண்மைதான்.

யாழ்ப்பாணத்தில் வீடு பெண்ணின் பெயரில் இருக்கும். 1706, 1707ஆம் ஆண்டளவில் ஒல்லாந்தர் எழுத்தில் பதித்த தேசவழமையில் சீதனம் மகளின் சொத்து. வேறு பல ஊர்களில் பெண்களுக்கு இல்லாத பலம் இது என்று பெருமைப்படுகிறோம். அதே வேளை, கணவனின் எழுத்துமூலச் சம்மதம் இல்லாமல் அந்த வீட்டை அவள் விற்கமுடியாது என்று 1911ஆம் ஆண்டுச் சட்டம் சொல்கிறது. உறுதியில் அவள் பெயர், விற்கக் கணவன் கையெழுத்து, கட்டத் தமையன் பணம், படம் தொலைக்காட்சியில் இருந்து. அடுப்பை எங்கே வைப்பது என்பதையாவது அவளிடம் கேட்கக்கூடாதா?

இந்தக் கதையை இப்போது எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது. அக்காவின் மகளுக்குக் கலியாணம் பேசியாயிற்று. பக்கத்து வளவில் அவளுக்கு வீடு. பணம் அதே மாமா. படமும் வந்துவிட்டது. அதே சுவரில்லாக் குசினி!

இந்தத் தடவை மச்சாள் படத்தை மூடி வைத்துவிட்டு, "வாங்கோ, கயிறு எடுங்கோ" என்றார். அவர் பார்த்த நிகழ்ச்சிகளில் ஒரு நல்ல பழக்கம் உண்டாம். உடைக்க முன்னர் வீட்டுக்காரியை நிறுத்தி அளப்பார்கள். அதை நாங்கள் வளவுக்குள் செய்தோம். நாலு முளை அடித்து, கயிறு கட்டி, சுண்ணாம்பால் கோடு போட்டு, பெண்ணை அதற்குள் நடக்கவிட்டோம். தண்ணீர் இங்கே, அடுப்பு இங்கே, அரிசி இங்கே என்று சொல்லச் சொல்ல, ஒரு சோறு கறிக்கு எத்தனை தரம் குறுக்கே நடக்கிறாள் என்று எண்ணினோம். குசினிக் கோட்டை இரண்டு தரம் அழித்துப் போட்டோம்.

சமையல் மேடை கனடாவில் வழக்கமாக 36 அங்குல உயரம். எங்கள் பெண் ஐந்தடிதான். நின்று முழங்கையை மடக்கி, அதற்கு நாலைந்து அங்குலம் கீழே அளந்தால் 33 தான் வந்தது. மூன்று அங்குலம் என்ன பெரிதா என்று கேட்பவர்கள் ஒரு நாள் முழுவதும் தோளை உயர்த்திக்கொண்டு தேங்காய் அரிந்து பார்க்கட்டும். குளியலறைக் கதவை 32 அங்குலத்துக்குக் குறையாமல் வைக்கச் சொன்னேன். போரில் கால் இழந்தவர்களும் முதியவர்களும் நிறைந்த மண் இது. சக்கர நாற்காலி போகாத கதவு எங்களுக்குக் கதவு அல்ல.

சீலிங்கில் மறைத்து வைக்கிற விளக்குகளுக்கென்று ஒதுக்கிய பணத்தைத் தண்ணீர்த் தொட்டிக்கு மாற்றலாம் என்பது அக்காவின் யோசனை. குடிக்க நல்ல தண்ணீருக்கு நாங்கள் படுகிற பாடு தீவார் எல்லோருக்கும் தெரியும். ஆயிரம் சதுர அடிக் கூரையில் ஒரு மில்லிமீற்றர் மழை பெய்தால் ஏறக்குறைய 93 லீற்றர். ஐப்பசி, கார்த்திகை மழையில் 10,000 லீற்றர் தொட்டி நிரம்ப அதிக நாள் எடுக்காது. முதல் மழையைக் கழுவி ஓடவிட்டு, பிறகு பிடித்து, மூடி வைத்து, குடிக்கவும் சமைக்கவும் மட்டும் நாளுக்கு 50 லீற்றர் எடுத்தால் 200 நாள் காணும். எந்த அலைவரிசையும் இதைக் காட்டவில்லை என்று மச்சாள் சொன்னார். அங்கே குழாயைத் திறந்தால் தண்ணீர்.

குசினி தனியாக, வடமேற்கு மூலையில் என்று முடிவாயிற்று. சுவர் உண்டு. ஹோல் பக்கம் ஒரு அகன்ற யன்னல் மட்டும். சமைக்கிறவள் தனித்துப் போகக்கூடாது, வந்தவரோடு கதைத்துக்கொண்டு நிற்கவேண்டும் என்று பெண் கேட்டாள். சுவரில்லாக் குசினியின் நல்ல பக்கம் அதுதான் என்று மச்சாளும் சொன்னார். எரிவாயுவுக்கு ஒரு மேடை, விறகுக்கு ஒரு மேடை, மேலே புகைக்கூடு.

கோடு போட்ட நிலத்தை மச்சாள் கைத்தொலைபேசியில் படம் எடுத்தார். பெண் அதன் நடுவில் நின்றாள். படம் மொன்றியலுக்குப் போனது. அங்கே விடியற்காலை. அரை மணித்தியாலத்தில் மாமாவிடம் இருந்து அழைப்பு வந்தது. கோபப்படுவாரோ என்று அக்கா போனை எடுக்கவில்லை, பெண்தான் எடுத்தாள்.

"புகைக்கூடு எத்தினை அடி உயரம் வேணும், பிள்ளை?" என்று கேட்டார்.